பெயரைத் திருத்தும் கதைகள்

அண்மையில் ஒரு சிறுகதை வாசிக்கக் கிடைத்தது. களம் வெருகல். ஆற்றுக்குப் பாலம் வருவதற்கு வெகுகாலம் முன்பு, மட்டக்களப்புப் பக்கமிருந்து மூதூருக்குப் போகிறவர்கள் கரையில் பாதைக்காகக் காத்திருந்த 1950கள். (பாதை என்றால் எம்மவருக்கு ஆட்களையும் வண்டிகளையும் அக்கரை சேர்க்கும் மிதவை. வெளியூர் வாசகருக்காகச் சொல்லி வைக்கிறேன்.) ஆறும் மணலும் பேச்சுமொழியும் கதையில் நன்றாகவே வந்திருக்கின்றன. ஆனால் பாதையில் ஏறும் எழுபது வயது வயோதிபரின் பெயர் ஃபர்ஹான். மனைவி ஷஹ்னாஸ். எனக்கு அந்த இடத்திலேயே பாதை தரை தட்டிவிட்டது.

1880களில் பிறந்த ஒரு மனிதர் அவர். அக்காலத்து எமது பிரதேசத்தில் ஆதம்பாவா, மீராலெவ்வை, உதுமாலெவ்வை, அலியார், பக்கீர்த்தம்பி, சீனித்தம்பி என்றுதான் ஆண்களுக்குப் பெயர். பெண்கள் செய்னம்பு, பாத்துமா, கதீசாவும்மா, பொன்னும்மா. படைப்பாளிக்கு இவை தெரியாதவையல்ல; அவருடைய மூத்தம்மாவுக்கே இவற்றில் ஒன்றுதான் பெயராக இருந்திருக்கும். தெரிந்துகொண்டே தவிர்த்திருக்கிறார். அச்சில் ஏற்றக் கூச்சம்.

இந்தக் கூச்சம் ஒரு கதையோடு நிற்பதாயின் இதை எழுத வேண்டியதில்லை. பழைய பெயர்கள் அறபைச் சரியாக உச்சரிக்கத் தெரியாதவர்களின் பிழைகள் என்ற எண்ணம் எமது எழுத்தில் பரவலாக ஊறிவிட்டது. அது சரிதானா என்பதே கேள்வி.

உமறுப்புலவர் சீறாப்புராணத்தில் செய்தது என்ன? கதீஜா அவரிடம் கதீசா. உமர் அவரிடம் உமறு. அது அவருடைய சொந்தப் பெயருமாகும். ஷெய்கு அப்துல் காதிர் என்ற கீழக்கரை வள்ளல் தமிழில் சீதக்காதி ஆனார். இதில் பிழை எங்கே இருக்கிறது? பிறமொழிச் சொல்லைத் தன் எழுத்துக்கும் ஓசைக்கும் இணக்கி எடுத்துக்கொள்வது தொல்காப்பியர் காலத்திலிருந்து தமிழுக்குள்ள உரிமை. சித்திலெப்பை மரைக்கார் அறபு படித்தவர். அவரே மிஸ்று தேசத்துக் கதாநாயகனுக்கு 1885இல் 'அசன்பே சரித்திரம்' என்றுதான் தலைப்பிட்டார். ஹ போட அவருக்குத் தெரியாதென்று யாரும் சொல்லமாட்டார்கள்.

பக்கத்து வீட்டையும் பார்க்கலாம். வீரமாமுனிவர் 1726இல் தேம்பாவணியில் யோசேப்பை வளன் ஆக்கினார். 'பெருகச் செய்வான்' என்ற எபிரேயப் பொருளைப் பிடித்துக்கொண்டு ஓசையைக் கைவிட்ட வழி அது. காவியத்துக்கு அழகு. ஆனால் சாதாரணக் கத்தோலிக்க வீட்டில் அதே பெயர் சூசைப்பிள்ளை என்று வழங்கிற்று. எமது வீட்டிலோ அதே பெயர் யூசுபுலெவ்வை. கற்றறிந்த பாதிரியார் பொருளை மொழிபெயர்க்க, எழுத்தறியாத மீனவனும் வயற்காரனும் ஓசையைத் தமிழாக்கி, வாலில் ஒரு பிள்ளையையோ லெவ்வையையோ தம்பியையோ கட்டிவிட்டார்கள். அந்த வாலில்தான் ஊர் இருக்கிறது. வெருகல் சித்திர வேலாயுதர் கோயிலடியில் கதிர்காமத்தம்பி, தோப்பூரில் முகம்மதுத்தம்பி, சீனித்தம்பி இரு பக்கமும். கோயில் மதிற் கல்வெட்டில் கயிலாய வன்னியனார் என்று வருகிறதே, அங்கே பதவி பெயராகியிருக்கிறது. பள்ளியில் ஓதிக்கொடுப்பவரின் பட்டமாகிய லெவ்வை பெயராகியதும் அப்படித்தான்.

இன்னொன்றையும் கவனியுங்கள். அறபில் உம்மு ஸலமா என்றால் ஸலமாவின் தாய். உம்மு முன்னே நிற்கும். பெரும்பாலும் பிள்ளை பிறந்த பிறகே அந்தப் பெயர் வரும். எமது கதீசாவும்மாவில் உம்மா பின்னே போய்விட்டது. பிறந்து ஏழு நாளான பெண் குழந்தையே உம்மாவாகிவிடுகிறாள். தமிழில் பெண் குழந்தையை அம்மா என்றும் ஆண் குழந்தையை ஐயா என்றும் அழைக்கும் வாஞ்சை அறபுப் பெயருக்குள் புகுந்த விதம் இது. ஆதம்பாவாவும் அதே வழி வந்தவர்தான்.

மறுபக்க நியாயத்தையும் மறைக்கக் கூடாது. நபியவர்கள் ஆஸியா என்ற பெண்ணின் பெயரை ஜமீலா என மாற்றியதாக ஹதீஸ் உண்டு. அந்த ஆஸியா ஐன், ஸாத் எழுத்துக்களால் அமைந்தது. மாறு செய்பவள் என்று பொருள். பிர்அவ்னின் மனைவியான ஆஸியா அம்மையாரின் பெயர் வேறு எழுத்துக்களால் ஆனது. தமிழில் இரண்டும் ஒன்றுதான்; ஊர் வழக்கில் ஆசியா என்று சொன்னால் கண்டமும் சேர்ந்துகொள்ளும். ஆகவே எழுத்தில் எச்சரிக்கை வேண்டுமென்ற ஆலிம்களின் கவலை வெறும் பிடிவாதமல்ல. எமது முன்னோர் இதற்கு அறபுத்தமிழில் வழி கண்டார்கள். தமிழை அறபு எழுத்தில் எழுதியபோது பெயர்கள் மூல எழுத்தோடு நின்றன. வாய் மட்டும் தமிழாக இருந்தது. அந்த எழுத்தை நாம் கைவிட்டோம். இப்போது அதன் வேலையை ஃ, ஹ, ஸ, ஷ நான்கிடமும் கேட்கிறோம்.

ஆனால் பொருளில் கவனம் வேறு, அறபல்லாததையெல்லாம் வெட்டியெறிவது வேறு. சுகர்னோ என்ற பெயரில் மகாபாரதக் கர்ணன் இருக்கிறான். இந்தோனேசிய முஸ்லிம்களுக்கு அது உறுத்தவில்லை. ஈரானியர் ருஸ்தமை விடவில்லை.

எம்மில் வால் உதிர்ந்ததற்கு மார்க்க அறிவு மட்டும் காரணமல்ல. மத்திய கிழக்குப் பயணமும் கடவுச்சீட்டும் ஒரு காரணம். யுத்தம் இன்னொன்று. என் வாப்பாவின் பெயர் தம்பியில் முடியும். எண்பதுகளின் பிற்பகுதியில் ஒரு சோதனைச் சாவடியில் அடையாள அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, "நீ யார்?" என்று கேட்டார்கள். தொப்பியும் தாடியும் ஒன்று சொல்ல, பெயர் வேறொன்று சொல்லிற்று. அதற்குப் பிறகு பிறந்த என் தம்பிமாருக்கு வாப்பா வைத்த பெயர்களில் சந்தேகத்துக்கு இடமேயில்லை. அவற்றின் பொருளை எங்கள் உம்மா கடைசிவரை அறியவில்லை; உச்சரிக்கவும் சிரமப்பட்டு, மூத்தவன், சின்னவன் என்றே கூப்பிட்டார். வாப்பா செய்ததைப் பிழை என்று சொல்ல எனக்கு வாய் வராது. அது பிள்ளைகளின் உயிர் பற்றிய கணக்கு. கதாபாத்திரத்துக்கு அந்தப் பயம் எதற்கு?

விசித்திரம் என்னவென்றால், இதே எமது எழுத்தாளர்கள் தமக்குச் சூடிக்கொண்ட பெயர்கள் மருதூர்க்கொத்தன், மருதூர்க்கனி, சோலைக்கிளி. கிண்ணியாக் கவிஞர் அண்ணல். தமிழகத்தில் இன்குலாப் உர்துவிலிருந்து எடுத்தார். அப்துல் ரகுமான் கடைசிவரை ரகுமானாகவே நின்றார். தன் பெயரை அட்டையில் போடும்போது தமிழோடு இவ்வளவு சுதந்திரமாயிருக்கும் கை, பாத்துமாவைக் கண்டதும் சிவப்புப் பேனை எடுக்கிறது.

சம காலக் கதையில் ஃபர்ஹான் வரட்டும். வரத்தான் வேண்டும், இன்றைய பாடசாலை இடாப்பு முழுக்க அவர்தான். அவருடைய பாட்டனின் பெயரை அவருக்கேற்பத் திருத்துவதைத்தான் நான் மறுக்கிறேன். லெவ்வை எப்போது உதிர்ந்தது, தம்பி ஏன் போனார் என்பதே ஒரு நாவலுக்குரிய விடயம். முதற் பக்கத்திலேயே திருத்திவிட்டால் அந்த நாவலை எவர் எழுதுவது?

அக்கதையில் ஓரிடம்: பாதை புறப்பட்டுவிட்டது. கரையில் பிந்தி வரும் கிழவரைப் பாதைக்காரன் கைதட்டி, "ஃபர்ஹான் காக்கா, ஓடி வாங்க!" என்று கூவுகிறான். 1950களின் வெருகல் துறையில் நின்ற அந்த மனிதன் அந்த ஃ எழுத்தை எந்தப் பல்லால் சொன்னானென்று கதாசிரியரிடம் கேட்க ஆசை.