உறை ஊற்றிய சட்டி

மாத்தளைப் பக்கத் தமிழ் வீடுகளில் விளக்கு வைத்தபிறகு உறைமோர் கேட்டால் பலர் கொடுக்கமாட்டார்கள். இறைச்சிக் கறி அந்திக்குமேல் வெளியே போவதென்றால் கூடவே ஒரு கரித்துண்டும் போகும். இல்லாவிட்டால் பேய் பின்னால் வந்துவிடும். குட்டிச்சாத்தான் புகுந்த வீட்டில் எறிந்தவர் தெரியாமல் கூரையில் கல் விழும், சோற்றில் அழுக்குக் கிடக்கும். ஷேக்ஸ்பியரின் 'நடுவேனிற் கனவு' நாடகத்தில் வரும் பக் என்ற குறும்புப் பூதமோ பாலாடையைத் திருடும், எவ்வளவு கடைந்தாலும் வெண்ணெய் திரளவிடாது.

எனக்கு மிகவும் பிடித்தவை இந்தப் பால் கதைகள்தான். அம்மியையும் உலக்கையையும் விட்டுவிட்டு, பாதி ஆகி மீதி ஆகாமல் நிற்கும் பண்டத்தில் போய்க் கைவைக்கிறதே பூதம், என்ன நுட்பமான தேர்வு!

பாலில் கேசின் என்ற புரத மூலக்கூறுகள் ஆயிரக்கணக்கில் தாமாகவே கூடுகின்றன. இடையிடையே கல்சியம் பொஸ்பேட் மணிகள் பதிய, உருண்டைகளாகின்றன. ஒவ்வொன்றும் ஒரு மில்லிமீற்றரைப் பத்தாயிரமாகப் பகுத்தால் அதில் ஒரு பங்கோ இரண்டு பங்கோதான். அச்சில்லை, பிடித்துவைக்கும் கையுமில்லை. உருண்டையின் மேலே கப்பா கேசின் இழைகள் சிலிர்த்து நிற்கும். எல்லாவற்றிலும் ஒரே மறை மின்னேற்றம் என்பதால் ஒன்றையொன்று அண்டவிடாது. பால் பாலாகவே இருக்கும். உறைமோரின் நுண்ணுயிர்கள் பாற்சீனியை லக்டிக் அமிலமாக்க, 6.7 அளவில் இருந்த பீ.எச். 4.6 நோக்கி இறங்குகிறது. ஏற்றம் தணிகிறது, இழைகள் சாய்கின்றன. உருண்டைகள் ஒன்றையொன்று பற்றிச் சங்கிலியாகி, சங்கிலிகள் பின்னி வலையாகி, சட்டித் தண்ணீர் முழுவதையும் தம் கண்ணிகளில் பிடித்துக்கொள்கின்றன. எத்தனை முறை படித்தாலும் இந்த இடத்தில் நான் நின்றுவிடுவேன்.

அந்நேரம் சட்டியை ஆட்டினால் வலை அறும், நீர் பிரியும். பேய்க்கு அஞ்சி மூலையில் மூடிவைத்தவள் அந்த வலைக்கு வேண்டிய அசைவின்மையைத்தான் கொடுத்தாள்.

எருமைப்பாலில் கேசினும் கொழுப்பும் பசும்பாலைவிடக் கூடுதல். மண்சட்டியின் நுண்துளைகளும் கொஞ்சம் நீரை உறிஞ்சிக்கொள்ளும். அதனால்தான் நன்றாகத் தோய்ந்த எருமைத் தயிர் சட்டியைச் சாய்த்தாலும் இடம் பெயராது. அகப்பை வெட்டிய பள்ளம் விளிம்பு மழுங்காமல் நிற்க, கித்துள் பாணி அதில் தேங்கும். பாணி ஊற்றாமல் விட்டால் சற்று நேரத்தில் பள்ளத்தில் தெளிநீர் ஊறும். அதில் தெரியும் இளம்பச்சை கலந்த மஞ்சள், ரைபோபிளேவின் என்ற விற்றமினின் நிறம்.