ரோட்னியின் கல்லாப்பெட்டி

பிரிட்டிஷ் அட்மிரல் ஜார்ஜ் ரோட்னிக்காக வாதாடுகிறவர்கள் கடைசியில் 1782 ஏப்ரல் 12-க்கு ஓடிப்போய் நின்றுகொள்வார்கள். கரீபியன் கடலின் செயிண்ட்ஸ் தீவுகளருகே பிரெஞ்சு அணியைப் பிளந்து, அட்மிரல் தெ கிராஸைக் கொடிக்கப்பலோடு சிறைபிடித்தார், ஜமைக்கா தப்பியது, அதற்கு முன் செய்ததை எல்லாம் கணக்கிலிருந்து அடித்துவிடலாம் என்பது அவர்கள் கட்சி.

வெற்றி பெரியதுதான். 1780 ஜனவரியில் புயல் இரவில், பாறைக் கரையோரம் ஸ்பானியரைத் துரத்தியடித்த துணிச்சலும் பொய்யல்ல. அணியைப் பிளக்கும் யோசனை அவருடையதா, உடனிருந்த சார்லஸ் டக்ளஸுடையதா என்ற பழைய சண்டை எனக்குத் தேவையில்லை. பெருமை அவருக்கே போகட்டும்.

நான் கேட்பது 1781-க்குக் கணக்கு. தேர்தல் செலவிலும் சூதாட்டத்திலும் மூழ்கி, கடன்காரருக்குப் பயந்து பாரிஸில் ஒளிந்திருந்தவர் ரோட்னி. பிரெஞ்சு மார்ஷல் பிரோன் கொடுத்த பணத்தில்தான் ஊர் திரும்பினார். அப்படிப்பட்டவர் கையில் 1781 பிப்ரவரி 3-ஆம் தேதி டச்சுத் தீவான செயிண்ட் யூஸ்டேஷியஸ் சிக்கியது. அமெரிக்கக் கிளர்ச்சிக்காரருக்கு வெடிமருந்து போன வழி அது, பிடித்ததில் தவறில்லை. பிடித்த பிறகு நடந்ததுதான் அசிங்கம். ஏறத்தாழ ஒரு மாதம் டச்சுக் கொடியை இறக்காமல் பறக்கவிட்டு, நம்பி வந்த வணிகக் கப்பல்களை வளைத்தார். கிடங்குகளுக்கு முத்திரை விழுந்தது. அவற்றில் பிரிட்டிஷ் வணிகரின் சரக்கும் இருந்தது. யூத ஆண்களைக் கூட்டி நிறுத்தி, காசு தைத்து வைத்திருப்பார்களோ என்று சட்டையின் உள்துணியைக் கிழித்துப் பார்த்தார்கள். முப்பது பேரைக் குடும்பத்தாரிடம் ஒரு வார்த்தை சொல்லவும் விடாமல் நாடு கடத்தினார்கள்.

இதைவிடப் பெரிய குற்றம், அந்த வாரங்களில் கடலில் நடந்தது. மார்ட்டினிக்குக்குக் காற்றுமுகத்தில் காத்திருந்தால் பிரான்சிலிருந்து வரும் படையை மறிக்கலாம் என்றார் அவரது துணைத் தளபதி ஹூட். ரோட்னி அவரைக் கீழ்க்காற்றுப் பக்கம் போகச் சொல்லிவிட்டு, தான் ஏலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஏப்ரல் இறுதியில் தெ கிராஸ் உள்ளே வந்துவிட்டார். ஆகஸ்டில் ரோட்னி உடம்புக்கு முடியாமல் இங்கிலாந்து கிளம்பினார் (நோய் உண்மை, அதை மறுக்கவில்லை). ஹூட் 14 கப்பல்களோடு வடக்கே, அமெரிக்கக் கரைக்குப் போனார். செப்டம்பர் 5 அன்று செசபீக் முகத்துவாரத்தில் பிரெஞ்சுக்காரரிடம் 24 போர்க்கப்பல்கள், ஆங்கிலேயரிடம் 19. கடல்வழி அடைபட, அடுத்த மாதம் யார்க்டவுனில் பிரிட்டிஷ் தளபதி கார்ன்வாலிஸ் சரணடைந்தார். எல்லாப் பழியும் ரோட்னியுடையதல்ல என்பார்கள். சரி, ஆனால் கதவைத் திறந்து வைத்தவர் வேறு யார்?

அந்தக் காலத்து வழக்கம் அப்படி, பிடித்த கப்பலில் தளபதிக்குப் பங்குண்டு என்பது அடுத்த சமாதானம். அந்தக் காலத்து ஆட்களே அதை ஏற்கவில்லையே! பேராசை என்று சொன்னவர் அவருக்குக் கீழிருந்த ஹூட். பாராளுமன்றத்தில் கிழித்துத் தொங்கவிட்டவர் எட்மண்ட் பர்க். உறுப்பினராக இருந்த ரோட்னி அங்கேயே எழுந்து பதில் சொல்ல வேண்டியிருந்தது. இத்தனைக்கும் கொள்ளையும் நிலைக்கவில்லை. ஊருக்கு அனுப்பிய சரக்கில் பெரும்பகுதியை மே மாதமே பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி லா மோத்-பிக்கே வழிமறித்துப் பிடித்துக்கொண்டார். நவம்பரில் தீவையே பிரெஞ்சுக்காரர் மீட்டார்கள். சரக்கை இழந்த ஆங்கில வணிகர்கள் போட்ட வழக்குகள், 1792-இல் அவர் சாகும்வரை விடவில்லை.