டேமன் ரன்யனின் புறோட்வே: சிரிப்பும் அச்சமும்

பத்திரிகைத் துறையிலிருந்து சிறுகதைக்கு வந்த அமெரிக்க எழுத்தாளருள் டேமன் ரன்யன் (1880–1946) தனித்து நோக்கற்பாலர். ஹேர்ஸ்ற் பத்திரிகைகளில் பேஸ்போல், குத்துச்சண்டைச் செய்திகளை எழுதிப் புகழ்பெற்ற அவர், நியூயோர்க்கின் புறோட்வே வீதியைச் சார்ந்த சூதாடிகளையும் கள்ளமது வணிகரையும் கதைமாந்தராக்கினார். 'கைஸ் அன்ட் டோல்ஸ்' தொகுதி இப்பாதாள உலகின் வாயில் எனலாம்.

இக்கதைகள் வெறும் பொழுதுபோக்கு என்னும் கணிப்பை நாம் முழுமையாக ஏற்பதற்கில்லை. கதைசொல்லிக்குப் பெயரில்லை, அவன் ஏறத்தாழ எப்போதும் நிகழ்காலத்திலேயே பேசுகிறான், கொலைஞரைப் பற்றியும் மிகுந்த மரியாதையுடனேயே கூறுகிறான். நகைச்சுவைக்கு ஊற்றாகும் இம்மரியாதை, உண்மையில் அச்சத்தின் மொழியாகும். பலம் படைத்தோரிடையே பிழைத்திருக்க வேண்டிய சாமானியனின் குரலையே நாம் இங்கு கேட்கிறோம்.

மதுவிலக்கு (1920–1933) குற்றத்தைப் பெருவணிகமாக்கிய காலம் அது. 1928இல் சுடப்பட்டு இறந்த சூதாட்ட முதலாளி ஆர்னல்ட் றொத்ஸ்ரீனின் சாயல் கொண்ட பாத்திரமும் இக்கதைகளில் உலவுகின்றது. ஆயின், அவ்வணிகத்துக்குப் பலியானோர் பெரும்பாலும் கதைகளின் ஓரத்திலேயே நின்றுவிடுகின்றனர். நிகழ்காலத்தை மட்டும் அறிந்த நடையிலே சமூகக் காரணங்களுக்கு இடம் குறைவு. நிருபரின் கூர்மையான செவி ரன்யனின் பலம். செய்தி தருவோர்மீது தீர்ப்புக் கூறத் தயங்கும் நிருபரின் பழக்கம் அவரது எல்லை.

அக்கதைகளைத் தழுவி 1950இல் மேடையேறிய இசைநாடகம் வண்ணத்தைப் பெருக்கியது, அச்சத்தைக் குறைத்தது. ரன்யனை மீளவாசிப்போர் அவ்வச்சத்தையே தேடுதல் வேண்டும்.