படுகளமும் மானமும்: மலைநாட்டிற் பொன்னர் சங்கர் கூத்து

மானத்தின் பொருட்டு உயிர் நீத்தல் தமிழ் மரபிற்குப் புதியதன்று. புறப்புண் நாணி வடக்கிருந்த பெருஞ்சேரலாதனைச் சங்கச் சான்றோர் போற்றினர். வள்ளுவரும் மானத்திற்குத் தனி அதிகாரம் வகுத்தார். யப்பானியச் சாமுராய் வீரரின் நெறியும் இதனோடு ஒப்பிடற்பாலது. 1876ஆம் ஆண்டில் வாளணிதல் தடுக்கப்பட்டபோது, வாளிழந்தவனுக்கு மானம் எங்ஙனம் நிலைக்கும் என்னும் வினா அவர்முன் எழுந்தது. 1867இல் லூல்கந்துரையில் தொடங்கிய தேயிலைப் பயிர் இலங்கை மலைநாட்டிற் பரவியதும் ஏறத்தாழ அக்காலத்திலேயே. அங்கு உழைக்க வந்த தமிழர் தம்மோடு கொணர்ந்த செல்வங்களுள் ஒன்று கொங்குநாட்டுப் பொன்னர் சங்கர் கதை.

மண்ணாளும் உடன்பிறந்தார் இருவர் இக்கதையின் தலைவர். போரில் தன் இறுதி வந்ததை உணர்ந்த சங்கர் தன் வாளிலேயே வீழ்ந்து மாய்கிறான். பொன்னரும் அவ்வழியே செல்கிறான். தங்கை படுகளத்தில் அவர்களைத் தேடி எழுப்புகிறாள்.

நிலமே இவ்வீரரின் மானத்திற்கு அடிப்படை. கூத்தாடியோர்க்கோ நிலமில்லை, குடியிருந்த லயமும் தோட்டத்திற்கே உரியது. 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் அவருட் பெரும்பாலார் நாடற்றவராயினர். 1964ஆம் ஆண்டு ஒப்பந்தம் அவரை இரு நாடுகளுக்குப் பங்கிட்டது. எஞ்சியோர்க்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003இலேயே வந்தது. அற்றன்று, இக்கூத்து பழம்பெருமைக் கனவே எனின், அது பொருந்தாது. விடியலிற் பெரட்டுக்கு அழைத்த தப்பே இரவிற் கூத்துக்களத்திலும் முழங்கிற்று. பகலிற் பேர்ப்பதிவில் ஓர் ஆளாக எண்ணப்பட்டவன், இரவில் தன் சொல்லுக்காக உயிர்விடும் தலைவனானான். நிலமும் வாளும் இன்றியும் மானம் நிற்கும் என்பதற்கு அவ்வாடலே சான்று.

எனினும் குறையொன்று உண்டு. ஏவலனாகிய சாம்புகனும் தலைவர்பின் உயிர் துறக்கிறான். அண்ணன்மாரின் சாவு மானம் எனப்படுகிறது. அவன் சாவோ விசுவாசம் என்றளவில் நின்றுவிடுகிறது. அவனுக்கென ஒரு மானம் இருந்ததா என்று கதை வினவுவதில்லை. ஊழியத்தையே வாழ்வாகக் கொண்ட மக்கள் ஆடும் கூத்தில் இக்குறை சிறிதன்று. சாமுராய்க்கும் அவன் வாளைச் சுமந்த ஏவலனுக்கும் இடையே உள்ளதும் இவ்வேறுபாடே.

அற்றனிலும் கதையை முடித்துவைப்பது வாளன்று, தங்கையின் தேடலே. வீழ்ந்தோர் எழும் அந்நேரமே கூத்தின் உயிர்நிலை. அட்டன், நுவரெலியாப் பகுதிகளில் இதனைப் பேண விழைவோர் பழைய வடிவைக் காத்தலோடு அமையாது, சாம்புகனுக்கும் ஒரு சொல் வழங்குவாராயின், கூத்து ஆடுவோரின் மானத்தையும் பேசுவதாகும்.