மறுமுறை காணும் கண்: ‘உதிரிப்பூக்கள்’ குறித்துச் சில எண்ணங்கள்

சில ஆண்டுகளுக்கு முன்னர், லெந்து காலத்தின் ஒரு ஞாயிறன்று, மணவாளக்குறிச்சியில் ஒரு சபையாருக்கு நாம் பிரசங்கித்தோம். முந்திய இரவு வாலிபர் ஐக்கியத்தார் சபை மண்டபத்தில் ‘உதிரிப்பூக்கள்’ என்னும் திரைப்படத்தைக் காட்டியிருந்தனர். பலரும் பார்த்திருந்தமையால் அதன் இறுதிக் காட்சியையே உவமையாகக் கொண்டோம். மனைவியை வதைத்து, ஊரை மிரட்டி, பெண்களை இழிவுபடுத்திய ஒருவன் ஈற்றில் ஆற்றில் இறங்கி மாண்டுபோகிறான். பாவத்தின் விளைவு இதுவே என்று அழுத்தந்திருத்தமாக எடுத்துரைத்தோம். நல்ல பிரசங்கம் என்றே எண்ணினோம். ஆராதனை முடிந்து வாசலில் நின்றபோது, வயது முதிர்ந்த தாயார் ஒருவர் நம் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டார்: “ஐயரே, அந்தப் பிள்ளியளுக்கு அன்னைக்கு ராத்திரி யாரு கஞ்சி குடுத்தாவ?”

நம்மிடம் விடை இல்லை. விடை இல்லாதது பெரிதன்று. அப்படியொரு கேள்வி அப்படத்தில் இருப்பதையே நாம் கண்டிருக்கவில்லை. அப்பாட்டியார் ஒருமுறை பார்த்து அறிந்ததை, நாம் அப்படத்தை மறுமுறை பார்த்தே அறிந்துகொள்ள வேண்டியதாயிற்று. இக்கட்டுரை அதிலிருந்து எழுந்ததாகும்.

திரைப்படம் என்ற சொல்லைக் கேட்டமாத்திரத்தில் முகஞ்சுளிக்கும் வழக்கம் நம் திருச்சபைகளில் நெடுங்காலம் இருந்தது. இன்று அது பெரிதும் மறைந்துவிட்டது. அதனிடத்தில் வந்திருப்பதோ, எந்தப் படத்தைப் பார்த்தாலும் அதிலிருந்து பிரசங்கத்துக்கு ஏற்ற உவமை ஒன்றைப் பிடுங்கிக்கொண்டு மிச்சத்தை எறிந்துவிடும் வழக்கம். முகஞ்சுளித்தவர் படத்தைப் பார்க்கவில்லை. உவமை தேடுகிறவரும் பார்க்கவில்லை என்றே சொல்ல வேண்டும். ஒரு படம் மறுமுறை காணத்தக்கதா என்னும் கேள்வி இவ்விருவருக்குமே எழுவதில்லை.

‘உதிரிப்பூக்கள்’ 1979ஆம் ஆண்டு வெளிவந்தது. இயக்கியவர் மகேந்திரன், ஜே. அலெக்சாண்டர் என்பது அவருடைய இயற்பெயர். புதுமைப்பித்தனின் ‘சிற்றன்னை’ என்னும் குறுநாவல் இதற்கு வித்து. எனினும் வித்துக்கும் செடிக்கும் உருவ ஒற்றுமை குறைவு. குறுநாவலின் சுந்தரவடிவேலு மனைவியை இழந்து மறுமணம் புரிந்த ஒரு பேராசிரியர், கொடியவரல்லர். மகேந்திரனின் சுந்தரவடிவேலுவோ ஊர்ப்பள்ளியைத் தன் கைக்குள் வைத்திருக்கும் பெரிய மனிதன். நடிகர் விஜயன் இவனைக் கத்தவிடவில்லை; தாழ்ந்த குரலும் மெல்லிய சிரிப்புமாகவே இவன் மனைவி இலட்சுமியை நாள்தோறும் சிறுகச் சிறுகக் கொல்கிறான். அவளுடைய தங்கை செண்பகத்தையும் தனக்கே மணமுடித்துத் தரும்படி மாமனாரிடம் கூசாமல் கேட்கிறான். இலட்சுமி இறக்கிறாள். அவன் வேறொருத்தியை மணக்கிறான். இறுதியில் செண்பகத்தை அவன் இழிவுபடுத்திய செய்தி பரவியதும் ஊர் திரண்டு அவனை ஆற்றங்கரைக்கு நடத்திச் செல்கிறது.

முதன்முறை பார்ப்பவர் இக்கதையின் பின்னால் ஓடுகிறார். இவன் எப்போது தண்டிக்கப்படுவான் என்பதே அவர் நெஞ்சில் நிற்கும் ஒரே கேள்வி. தண்டனை வந்தவுடன் நிறைவடைந்து எழுந்துபோகிறார். நாமும் அவ்வாறே எழுந்துபோய்ப் பிரசங்கம் எழுதினோம்.

மறுமுறை பார்க்கையில் முடிவு தெரிந்திருக்கிறது, ஓடவேண்டிய அவசியமில்லை. அப்போது கண் சுற்றுமுற்றும் நோக்கத் தொடங்குகிறது. முதலில் தென்படுவது ஊர். அவன் கொடுமை ஊருக்குத் தெரியாததன்று. தொடக்கத்திலிருந்தே எல்லாருக்கும் தெரியும். தெரிந்தும் ஒதுங்கி நடக்கிறார்கள், தமக்குள் பேசிக்கொள்கிறார்கள், அவன் எதிர்ப்படுகையில் வாயடைத்துப் போகிறார்கள். இலட்சுமி உயிரோடிருந்த நாளெல்லாம் திரளாத அவ்வூர், அவள் போனபின் திரள்கிறது. ஆற்றங்கரையில் தெரியும் ஆவேசத்தில் இத்தனை நாள் மௌனத்தின் குற்றவுணர்வு எவ்வளவு கலந்திருக்கிறது என்று நாம் இரண்டாம் முறைதான் கேட்டோம்.

அடுத்துத் தென்படுவது அவனுடைய இறுதிப் பேச்சு. இதுநாள்வரை தான் ஒருவனே கெட்டவனாக இருந்ததாகவும், இன்று ஊரார் அனைவரையும் தன்னைப் போலவே ஆக்கிவிட்டதாகவும், தான் செய்த பாவங்களிலெல்லாம் பெரியது இதுவே என்றும் பொருள்பட அவன் சொல்கிறான். முதன்முறை கேட்டபோது இது தப்பிக்க நினைப்பவனின் சாதுரியமாகவே நமக்குப் பட்டது. ஆனால் அவன் தப்பவில்லை. சொல்லிவிட்டு நீரில் இறங்குகிறான். ஆகவே அச்சொல்லைத் தந்திரம் என்று தள்ள இயலவில்லை. கொடியவன் வாயில் வந்தமையால் அது பொய்யாகிவிடவும் இல்லை.

இறையியல் மாணவருக்கு இங்கே லேவியராகமத்தின் போக்காடு நினைவுக்கு வரக்கூடும். சபையின் அக்கிரமம் அனைத்தையும் ஓர் உயிரின் தலைமேல் சுமத்தி வனாந்தரத்துக்கு ஓட்டிவிட்டால் பாளயம் தூய்மையாகும். ஆற்றங்கரையில் நிற்கும் ஊரும் அதையே எண்ணுகிறது. ஒருவன் போனால் போதும், ஊர் சுத்தமாகும் என்கிற இக்கணக்கு காய்பாவின் கணக்கும்கூட. படமோ இந்தக் கணக்கை ஏற்க மறுக்கிறது. பாவம் அவனோடு நீரில் மூழ்கவில்லை, கரையேறிவிட்டது என்கிறது. இதைக் கண்டவுடன் சுந்தரவடிவேலுவைக் கிறிஸ்துவின் சாயலாகக் காட்டி ஆய்வுக்கட்டுரை எழுதத் துடிக்கும் மாணவர் ஒருவரேனும் இருப்பார். அவரை அன்புடன் தடுக்கிறோம். மற்றவர் பாவத்தைச் சுமப்பவன் அல்லன் இவன். தன் பாவத்தை மற்றவருக்குக் கொடுத்துவிட்டுப் போகிறவன். அப்படத்தின் துணிவு இந்த வேறுபாட்டில்தான் உள்ளது.

ஏழை ஒருவனின் ஒரே ஆட்டுக்குட்டியைப் பறித்த செல்வந்தனின் கதையைக் கேட்ட தாவீது, கோபம் பொங்கித் தீர்ப்பளித்தான். முதன்முறை கேட்பவன் அப்படித்தான் செய்வான். பிறகு நாத்தான் ஒரே சொல்லால் அக்கதையை அவனை மறுபடியும் கேட்கச் செய்தார். இம்முறை கதைக்குள் அவனே இருந்தான். கதை மாறவில்லை, கேட்பவன் நிற்கும் இடம் மாறிற்று. மறுமுறை காணத்தக்க படம் என்று நாம் சொல்வது இத்தகையதையே. ‘உதிரிப்பூக்கள்’ முதன்முறை நம்மை நீதிபதியாக அமர்த்துகிறது. இரண்டாம் முறை கரையில் நிற்கும் கூட்டத்தில் நிறுத்துகிறது. நாம் பிரசங்கபீடத்தில் நின்று அம்மரணத்தைப் போற்றியபோது, அக்கூட்டத்தின் முன்வரிசையில் அல்லவா நின்றிருந்தோம்!

மூன்றாவதாகத் தென்படுபவர் பிள்ளைகள். தாயை இழந்த இரு பிள்ளைகளும் அன்று தந்தையையும் இழக்கின்றனர். கொடியவனானாலும் அவர்களுக்கு அவன் தந்தை. நீதி செய்த ஊரார் அவர்களை எண்ணிப் பார்த்ததாகத் தெரியவில்லை. படத்தின் பெயரே அவர்களைத்தான் சுட்டுகிறது என்பதுகூட நமக்கு உறைக்கவில்லை! பாட்டியாருக்கு உறைத்தது. வீட்டில் பிள்ளைகளுக்குக் கஞ்சி ஊற்றியவர்கள் படத்தையும் அப்படித்தான் பார்க்கிறார்கள் போலும்.

மணவாளக்குறிச்சியாருக்கு மறுமுறை நோக்குவதன் பயனை நாம் விளக்க வேண்டியதில்லை. அக்கடற்கரையின் கருமணலில் தலைமுறை தலைமுறையாக மக்கள் நடந்தார்கள், கட்டுமரம் இழுத்தார்கள், கயிறு காயவைத்தார்கள். 1909ஆம் ஆண்டில் ஷோம்பெர்க் என்னும் ஜெர்மானிய வேதியியலார், திருவிதாங்கூரிலிருந்து ஏற்றுமதியான கயிற்றில் ஒட்டியிருந்த மணலைக் கூர்ந்து நோக்கியபோதுதான் அதில் மோனசைட் கனிமம் இருப்பது தெரியவந்தது. அதிலிருந்து கிடைத்த தோரியமே அக்காலத்து விளக்குகளின் வலைத்திரிகளுக்கு ஒளி கொடுத்தது. நம் முன்னோர் பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் எழுப்புதல் கூட்டங்கள் நடத்தியபோது, காலடி மணலின் உறவு தலைக்குமேல் எரிந்துகொண்டிருந்தது என்பதை அறிந்தவர் எத்தனை பேரோ.

முடிவு தெரிந்திருப்பதே ஒரு காட்சியை ஆழமாக்கும் என்பதற்கு வேறொரு படத்தையும் சுட்டலாம். பாலு மகேந்திராவின் ‘வீடு’ (1988) பாடல்களே இல்லாத படம். நகரத்தில் சிறிய வீடொன்று கட்ட முயலும் நடுத்தரக் குடும்பத்தின் கதை. சொக்கலிங்க பாகவதர் நடித்த முதிய தாத்தா, பாதி எழும்பிய வீட்டைத் தனியே சென்று பார்க்கிறார். சுவரைத் தடவுகிறார், அறை அறையாக நடக்கிறார். சிறிது நேரத்தில் இறந்துவிடுகிறார். முதன்முறை நாம் அம்முதியவருக்காக மட்டுமே கலங்குகிறோம். அந்நிலம் குடிநீர் வாரியத்துக்கு எடுக்கப்பட்டது என்று பின்னர் வெளிப்படுவதை அறிந்தபின் பார்த்தாலோ, அவர் கைபடும் ஒவ்வொரு செங்கல்லும் கனக்கிறது. குடியேறாமலே ஒரு வீட்டை அடைந்தவர் அவர் ஒருவரே என்றுகூடத் தோன்றுகிறது. வாக்குத்தத்த தேசத்தை மலையுச்சியிலிருந்து கண்டு மரித்த மோசேயைப் பற்றி இனிப் பிரசங்கிக்கும்போது நமக்கு அத்தாத்தாவின் நினைவு வராமற்போகாது.

இங்கே ஒரு தடை எழுப்பப்படலாம். நம் கிராமங்களில் ‘கருணாமூர்த்தி’ படத்தைப் பலமுறை பார்த்தவர்கள் உண்டு. 1978இல் தெலுங்கில் ‘கருணாமயுடு’ என்று வெளிவந்து தமிழில் ஒலிமாற்றம் செய்யப்பட்ட இப்படம், ஊர் ஊராகத் திறந்தவெளிகளில் திரையிடப்பட்டது. ஒவ்வொரு முறையும் சிலுவைக் காட்சியில் மக்கள் அழுதனர். அப்படியானால் அதுவே மறுமுறை காணத்தக்க படங்களில் தலையாயது அல்லவா? நாம் அந்த அழுகையைச் சிறிதும் தாழ்வாக எண்ணவில்லை. ஆயினும் அங்கே கொடுப்பவர் பார்வையாளரே. ஞாயிறு பள்ளியிலும் பாடுகளின் ஆராதனையிலும் சேர்த்துவைத்த பக்தியை அவர் திரைமேல் வைக்கிறார். திரை அதைத் திருப்பிக் கொடுக்கிறது. பழகிய கீர்த்தனையைப் பாடுவதற்கு ஒப்பானது அது. மகேந்திரனின் படத்திலோ நாம் கொண்டுபோகாத ஒன்று, நாம் விரும்பாத ஒன்று, நம்மிடம் தரப்படுகிறது. இரண்டுக்கும் சபையில் இடமுண்டு. ஒன்றை மற்றொன்றாக மயங்கலாகாது. (‘கருணாமூர்த்தி’யை இயக்கிய ஏ. பீம்சிங்கின் மகன் பி. லெனினே ‘உதிரிப்பூக்க’ளின் படத்தொகுப்பாளர் என்பது ஒரு சுவையான செய்தி.)

பாராட்டியே முடித்துவிடுவது விமரிசனமாகாது. செண்பகம் இழிவுபடுத்தப்படும் காட்சி இரண்டாம் முறை நமக்கு அதிகமாகவே உறுத்தியது. நம் சினத்தைக் கிளப்பி, அவன் சாவை நாம் விரும்பும்படி செய்வதற்கு ஒரு பெண்ணின் மானம் கருவியாக்கப்படுகிறது. கூட்டத்தைக் குற்றஞ்சாட்டவிருக்கும் படம், கூட்டத்தைத் திரட்டும் உத்தியைத் தானே கையாள்வது சரிதானா? நம்மைப் பொறியில் சிக்கவைத்தாலொழிய அந்த இறுதிப் பேச்சு நம்மைச் சுடாது என்று படத்தின் சார்பில் வாதிடலாம். அவ்வாதம் நம்மை முழுமையாகத் திருப்திப்படுத்தவில்லை. நாத்தான் ஓர் ஆட்டுக்குட்டியைக் கொண்டே அதைச் செய்துவிட்டார்.

இன்னொரு குறை படத்தினுடையதன்று, நம்முடையது. மறுமுறை பார்க்க வேண்டுமானால் படம் மிஞ்சியிருக்க வேண்டும். ‘வீடு’ படத்தின் மூலப்படச்சுருள் அழிந்துபோயிற்று என்று பாலு மகேந்திராவே தம் இறுதி ஆண்டுகளில் வருந்திச் சொன்னார். ஓலைச்சுவடிகளைத் தேடித்தேடிக் காத்த தமிழ்நாடு, தன் திரைப்படங்களைக் காப்பதில் காட்டிய அசட்டை வியப்பளிக்கிறது. நம் இறையியல் கல்லூரி நூலகங்களிலேனும் இத்தகைய சில படங்கள் மாணவர் கைக்கு எட்டும்படி இருக்கலாகாதா?

மணவாளக்குறிச்சியில் அப்படம் மறுமுறை காட்டப்பட்டபோது நாமும் சென்றிருந்தோம். இம்முறை பிரசங்கம் இல்லை. விளக்கைப் போட்டபின் சிறிது நேரம் யாரும் எழுந்திருக்கவில்லை. பிறகு பேச்சு தொடங்கிற்று. ஊர்ப்பெரியவர் ஒருவர், அவனைப் போலீசில் ஒப்படைத்திருக்கலாமே என்றார். போலீசும் அவன் பக்கம்தானே இருந்திருக்கும் என்றான் ஓர் இளைஞன். தன் மனைவியை அடிப்பதாக ஊரே அறிந்த ஒருவர் பின்வரிசையில் அமர்ந்திருந்தார். அவர் ஒன்றும் பேசவில்லை, மற்றவர்களும் அவரைப் பார்க்கவில்லை. மறுநாட்காலை நாம் அவர் வீட்டுக்குச் சென்றோம்.