பீட்டின் கால்தடம்

ஹேட்ஃபீல்ட் - மெக்காய் பகை என்றால் அமெரிக்காவில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். கென்டக்கிக்கும் மேற்கு வர்ஜீனியாவுக்கும் நடுவே ஓடும் டக் ஃபோர்க் ஆற்றின் கரைகளில் வாழ்ந்த இரண்டு குடும்பங்கள். ஒரு பன்றிக்காகச் சுட்டுக்கொண்டு செத்ததாகக் கதை. 2012இல் கெவின் காஸ்ட்னர் நடித்துத் தொலைக்காட்சித் தொடராகவும் வந்தது. இரு பக்கத்துப் பெரிய மனுசர்களின் மானமும் ரோசமும்தான் அங்கே வரலாறு. நான் தேடியது வேறொருவரை.

1865 ஜனவரியில் விழுந்த முதல் பிணம் ஆசா ஹார்மன் மெக்காய். வடக்குப் படையிலிருந்து திரும்பியவர். குகையில் ஒளிந்திருந்த அவருக்கு அவருடைய அடிமை பீட் சாப்பாடு சுமந்துபோனார் என்றும், பனியில் பதிந்த பீட்டின் கால்தடத்தைப் பிடித்துப் போய்த்தான் சுட்டார்கள் என்றும் வழிவழியாகச் சொல்கிறார்கள். அடிமைமுறைக்கு முடிவு கட்டிய படையின் சிப்பாய்க்கே வீட்டில் ஓர் அடிமை! லிங்கனின் விடுதலைப் பிரகடனம் கென்டக்கியைத் தொடவில்லை. 1865 டிசம்பர் வரை அங்கே அது சட்டப்படி செல்லும். பீட்டுக்கு அப்புறம் என்ன ஆச்சு? நான் பார்த்த கதைசொல்லிகள் கேட்கவில்லை. தடம் பதித்ததோடு அவர் வேலை முடிந்தது.

'மலைக்காட்டுமிராண்டிகள்' என்று பத்திரிகைகள் கட்டிய பிம்பத்தை ஆல்டினா வாலர் 1988இல் எழுதிய நூலில் உடைத்தார். 1878 பன்றி வழக்கில் ஜூரிகள் பக்கத்துக்கு ஆறு பேர். செல்கர்க் மெக்காய் எதிர்ப்பக்கம் சாய்ந்தார். அவர் பிழைப்பு டெவில் ஆன்ஸ் ஹேட்ஃபீல்டின் மரம்வெட்டுத் தொழிலில். சோறு போடுகிற கையை எப்படிப் பகைப்பார்? 1887இல் பகை மறுபடி கிளறப்பட்டதற்குப் பின்னால் நிலம் பறிகொடுத்த வக்கீல் பெர்ரி க்ளைனையும் ரயிலையும் நிலக்கரியையும் வாலர் காட்டுகிறார். இந்த வாசிப்பு எனக்கு உடன்பாடே. ஆனால் நிலத்தை வைத்திருந்தவன், இழந்தவன் என்கிற கணக்கில் நிலமே இல்லாதவர் எங்கே வருவார்?

அப்படி இன்னொருவர் எல்லிசன் மவுண்ட்ஸ். ஒரு ஹேட்ஃபீல்டுக்குக் கல்யாணத்துக்கு வெளியே பிறந்தவர் என்றும், புத்தி மட்டு என்றும் ஊர் பேசியது. 1888 புத்தாண்டு இரவில் மெக்காய் வீட்டைக் கொளுத்தி அலிஃபேர் என்ற பெண்ணைச் சுட்ட வழக்கில், 1890 பிப்ரவரி 18இல் பைக்வில்லில் தூக்கு. இத்தனை கொலைகளுக்கும் தூக்கேறியது இவர் ஒருவர்தான். இவரை நிரபராதி என்று சொல்ல வரவில்லை, செத்தது ஒரு பெண். ஆனால் குடும்பத் தலைவர் டெவில் ஆன்ஸ்மீது எந்தக் கொலைக்கும் விசாரணை நடக்கவில்லை. 1921இல் வயசாகிச் செத்தார். கல்லறைமேல் ஆளுயர இத்தாலியப் பளிங்குச் சிலை.

2003 ஜூன் 14இல் இரு குடும்பத்து வாரிசுகளும் கூடிச் சமாதான உடன்படிக்கையில் கையெழுத்துப் போட்டார்கள். பகை இப்போது சுற்றுலாச் சரக்கு. பீட்டின் வாரிசு ஒருவர் அன்றைக்கு வந்திருந்தால் எந்தப் பக்கத்தில் உட்காரச் சொல்லியிருப்பார்கள்?