பேய்க்கு விளக்கம் சொல்லும் வியாதி

தமிழில் மிகுபுனைவு இல்லை என்று சொல்வது இப்போது ஒரு மோஸ்தர். புத்தகக் கண்காட்சி மேடையில் சொல்கிறார்கள், யூடியூப் நேர்காணலில் சொல்கிறார்கள், முதல் நாவல் எழுதும் இளைஞர்கள் தங்கள் முன்னுரையிலேயே சொல்லிக்கொள்கிறார்கள். சொல்கிறவர்களின் அலமாரியில் நீல் கெய்மன் இருக்கிறார், ரிக் ரியோர்டன் இருக்கிறார், லோகியே தன் கதையைச் சொல்வதாக ஜோஆன் ஹாரிஸ் எழுதிய நாவல் இருக்கிறது. தமிழில் டப் செய்த தோர் படங்களில் தொடங்கி அப்படியே ஸ்காண்டிநேவியப் புராணத்துக்குள் போய்விட்ட தலைமுறை இது. திருத்தணியில் ஆடிக் கிருத்திகைக்குக் காவடி எடுக்கும் வீட்டுப் பிள்ளைக்கும் தோரின் சம்மட்டிக்குப் பெயர் மியோல்நிர் என்று தெரிந்திருக்கிறது.

அதில் எனக்கு வருத்தம் ஒன்றுமில்லை. நானும் அவற்றை விரும்பிப் படிக்கிறவன்தான். தோர் தன் தேரை இழுக்கும் ஆட்டுக்கடாக்களை ராத்திரி அறுத்துச் சமைத்து, எலும்புகளைத் தோலின்மேல் போடச் சொல்லி, விடிந்ததும் உயிர்ப்பித்து எழுப்புவான். விருந்தில் உட்கார்ந்த குடியானவன் மகன் மஜ்ஜைக்கு ஆசைப்பட்டு ஒரு தொடையெலும்பைப் பிளந்துவிட, காலையில் ஒரு கடா நொண்டுகிறது. கெய்மன் 2017இல் வெளியிட்ட மறுகூறலில் இந்த இடத்தைச் சும்மா சொல்லிவிட்டுப் போகிறார், பூச்சே இல்லை. அந்த நொண்டலுக்காகவே புத்தகத்தை வாங்கலாம். என் சண்டை ‘இல்லை’ என்ற தீர்ப்போடு மட்டும்தான்.

அந்தக் கதைகள் எப்படி நமக்குக் கிடைத்தன என்பதைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். ஸ்னோரி ஸ்டர்லுசன் என்ற ஐஸ்லாந்துக்காரர் 1220 வாக்கில் அவற்றை உரைநடையில் எழுதிவைத்தபோது, அந்த நாடு கிறிஸ்தவத்துக்கு மாறி 200 ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. தெய்வங்களின் தலைவன் ஓடினுக்குப் பலி கொடுக்க ஆளில்லை. ஸ்னோரி கெட்டிக்காரர். இவர்கள் தெய்வங்களே இல்லை, ஆசியாவிலிருந்து, டிராய் நகரத்து வழியில் வந்த அரசர்கள், ஜனங்கள்தான் ஏமாந்து கும்பிட்டுவிட்டார்கள் என்று முன்னுரையில் ஒரு விளக்கத்தைச் சொல்லி வேலையை முடித்துக்கொண்டார். கதைக்குள் நுழைந்தபின் அந்த விளக்கத்தின் வாடையே கிடையாது. அங்கே ஓநாய் ஓநாயாகவே டைர் என்ற தெய்வத்தின் கையைக் கடித்து எடுக்கிறது.

நம்மவர்கள் தலைகீழ். கதை முழுக்கப் பேயைக் காட்டிவிட்டுக் கடைசி அத்தியாயத்தில் விளக்கத்தைக் கொண்டுவந்து இறக்குவார்கள். தமிழ் மிகுபுனைவுக்கு வந்திருப்பது இந்த வியாதிதான். இதைப் பஞ்சம் என்று சொல்வது தப்பு.

பழைய சங்கதிகளை விரித்து எழுத வேண்டியதில்லை. புகாரின் சதுக்கப் பூதம் பாசம் வீசிப் பிடித்துத் தின்றது. மணிமேகலைக்குத் தூணில் இருந்த பாவை நடந்ததையும் நடக்கப்போவதையும் சொன்னது. விக்கிரமாதித்தனும் மதனகாமராஜனும் பெரிய எழுத்தில் வீட்டுக்கு வீடு இருந்தார்கள். புதுமைப்பித்தன் ‘காஞ்சனை’யில் வேலைக்காரியாக ஒருத்தியை வீட்டுக்குள் விட்டார், நடுநிசியில் ஒரு வாசனையை விட்டார். அவள் யார் என்று கடைசிவரை சொல்லவில்லை. அந்தச் சொல்லாமையின் மதிப்பு அப்போதே நமக்குப் புரிந்திருந்தால் இந்தக் கட்டுரைக்கு வேலையே இருந்திருக்காது.

அடுத்து நடந்ததைச் சொல்ல, திருத்தணி போன்ற ஊரில் இருந்து பார்ப்பது உதவும். 1960 ஏப்ரல் 1ஆம் தேதிதான் இந்த ஊர் ஆந்திரத்தின் சித்தூர் மாவட்டத்திலிருந்து சென்னை மாநிலத்துக்கு வந்து சேர்ந்தது. ம.பொ.சி. போராடி வாங்கியது. எல்லைக் கோடு போட்டாகிவிட்டது, ஆனால் கதைகள் கோட்டைப் பார்த்துக்கொண்டு நிற்கவில்லை. இலக்கிய வரலாறு எழுதுகிற நம் விமர்சகர்கள்தான் அந்தக் கோட்டுக்கு அந்தப் பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை.

1947 ஜூலையில் நாகி ரெட்டியும் சக்கரபாணியும் சென்னையில் தெலுங்கில் ‘சந்தமாமா’வையும் தமிழில் ‘அம்புலிமாமா’வையும் தொடங்கினார்கள். அதே கூட்டணியின் விஜயா நிறுவனம் 1951இல் ‘பாதாள பைரவி’ எடுத்தது. விக்கிரமனும் வேதாளமும் எல்லோருக்கும் நினைவிருக்கும். சங்கர் வரைந்த அந்தப் படமும் நினைவிருக்கும். ஆனால் மாதாமாதம் வந்த மாயாஜாலத் தொடர்கதைகளை எழுதியவர் யார் என்று கேட்டால் பதில் வராது. தாசரி சுப்பிரமணியம் என்ற தெலுங்கர். ஐம்பது ஆண்டுக்கும் மேல் அந்த ஆசிரியர் குழுவில் இருந்தவர். 1950களில் ‘தோக சுக்க’, அதாவது வால்நட்சத்திரம், என்று தொடங்கி, மந்திரவாதிகளும் மகர தேவதைகளும் பாழடைந்த கோட்டைகளுமாக எழுதித் தள்ளினார். இதழில் அவர் பெயர் அச்சாகவில்லை. அவர் கற்பித்த உலகங்களுக்கு ஊர், நாடு, வம்சாவளி எல்லாம் உண்டு. பூதம் வந்தால் அது பூதம்தான். இரண்டு தலைமுறைத் தமிழ்ப் பிள்ளைகளின் மிகுபுனைவு ருசி பெயரில்லாத இந்த ஆளின் கைவண்ணம். சிறுவர் பத்திரிகை என்று ஒதுக்கிவிட்டதால் எந்த ஆய்வுக் கட்டுரையிலும் அவருக்கு அரை வரி கிடையாது.

பெரியவர்களுக்கும் அந்தப் பக்கத்திலிருந்து வந்தது. எண்டமூரி வீரேந்திரநாத்தின் ‘துளசிதளம்’ சிறுமி ஒருத்திக்கு வைத்த சூனியத்தின் கதை. தெலுங்கு வாசகர்களை உலுக்கிவிட்டுத் தமிழுக்கு வந்தது. தெலுங்கு எழுத்தாளர் ரங்கநாயகம்மா அதைக் கஞ்சாப் புகை என்றே தலைப்பிட்டுத் தாக்கினார். அவர் கோபம் நியாயமானது. ஆனால் ஒரு பேய்க்கதை பகுத்தறிவாளரை அந்த அளவுக்குக் கோபப்படுத்த முடிந்தது என்பதே அந்த எழுத்தின் பலத்துக்குச் சான்று. தமிழில் பி.டி.சாமி பேய்க்கதைகளாக எழுதிக் குவித்தபோது கோபப்படக்கூட யாரும் மெனக்கெடவில்லை.

இந்திரா சௌந்தர்ராஜன் விஷயத்துக்கு வருகிறேன். அவர் 2024 நவம்பரில் மதுரையில் மறைந்தபோது வந்த அஞ்சலிகளில் ‘ஜனரஞ்சக எழுத்தாளர்’ என்ற சொல் தவறாமல் இருந்தது. ப்ளாஃப்ட் பதிப்பகம் 2008இல் ஆங்கிலத்தில் கொண்டுவந்த தமிழ் வெகுஜனக் கதைத் தொகுப்பில் அவருக்கு இடம் கிடைத்தது. நம் சிற்றிதழ்களில் கிடைக்கவில்லை. 1990களில் நாகா இயக்கத்தில் அவருடைய ‘மர்ம தேசம்’ சன் டிவியில் ஓடிய நாட்களைப் பார்த்தவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. கரென்ட் போனால் மின்வாரிய அலுவலகத்துக்குச் சண்டைக்குப் போனார்கள். ‘ரகசியம்’ தொடரில் நவபாஷாண லிங்கம், ‘விடாது கருப்பு’வில் குதிரையேறி வந்து தண்டிக்கும் கருப்புசாமி, பின்னாளில் ‘சிதம்பர ரகசிய’த்தில் நாடி ஓலை. பொருள்களைக் கவனியுங்கள். எல்லாம் பக்கத்துத் தெருவில் இருப்பவை. மேல்நாட்டு ரத்தக் காட்டேரி ஒன்றுகூட இல்லை. ராத்திரி கோவில் வாசலைத் தாண்டும்போது அவரவர் வயிற்றில் புளியைக் கரைத்த பயத்தை அவர் தொட்டார்.

கடைசியில் என்ன நடந்தது? கருப்புக்குப் பின்னால் பிளவாளுமை வந்தது. மனநோய்தான் குதிரையேறியது. லிங்கத்துக்குப் பின்னால் சித்தவைத்தியம் வந்தது. இதை அந்த எழுத்தாளரின் குறை என்று மட்டும் சொல்ல மாட்டேன். திராவிட இயக்கக் காற்றில் வளர்ந்த நடுத்தர வர்க்கத்துக்குப் பயப்படவும் வேண்டும், பயந்ததற்கு வெட்கப்படாமல் இருக்கவும் வேண்டும். சுஜாதா ‘கொலையுதிர் கால’த்தில் ஆவிக்கும் விஞ்ஞானத்துக்கும் நடுவே கணேஷையும் வசந்தையும் நிறுத்தி இதே தராசைத்தான் பிடித்தார், இன்னும் லாவகமாக.

தராசை வீசி எறிந்தவர் ஒருவர் உண்டு, அவரை யாரும் இந்த வரிசையில் வைப்பதில்லை. எம்.வி.வெங்கட்ராம். 1993இல் சாகித்திய அகாதெமி பரிசு பெற்ற ‘காதுகள்’ நாவலில் மகாலிங்கம் ஒரு முருக பக்தர். அவர் காதுக்குள் குரல்கள் குடியேறுகின்றன. ஆபாசமாகப் பேசுகின்றன, கேலி செய்கின்றன, வீட்டில் சோற்றுக்கு வழியில்லாத நேரத்திலும் விடுவதில்லை. இது வியாதியா, சக்தியா? எம்.வி.வி. தீர்ப்புச் சொல்லவில்லை. தன் சொந்த அனுபவத்தை எழுதியவருக்கு விளக்கம் சொல்லித் தப்பிக்க வழியில்லாமல் போயிருக்கலாம். உளவியல் நாவல் என்று முத்திரை குத்தி அதை அடுக்கில் வைத்துவிட்டார்கள். என்னைக் கேட்டால் தமிழின் ஆகச் சிறந்த அமானுஷ்ய நாவல் அதுதான். ஜெயமோகனின் ‘நிழல்வெளிக் கதைகள்’ அதற்குப் பக்கத்தில் வைக்கத் தகும், குமரி மாவட்டத்து யட்சிகளை அவர் யட்சிகளாகவே விட்டுவைத்ததால்.

புராண மறுகூறலிலும் இதே கதைதான். நாம் மொழிபெயர்த்துக் கொண்டாடியவை எவை? பைரப்பாவின் ‘பருவம்’, எம்.டி.யின் ‘இரண்டாம் இடம்’. இரண்டும் பெரிய நாவல்கள், மறுக்கவில்லை. இரண்டும் பாரதத்திலிருந்து தெய்வத்தை வடிகட்டி எடுத்தவை. அதற்குப் பிறகு வந்த சந்தைச் சரக்கில் ராவணன் தன் தரப்பைச் சொன்னான், சிவன் திபெத்திலிருந்து வந்த குலத் தலைவன் ஆனான். ஸ்னோரி முன்னுரையோடு நிறுத்திக்கொண்டதை இவர்கள் ஐந்நூறு பக்கத்துக்கு இழுத்தார்கள். எதிர்த்திசையில் போனது ‘வெண்முரசு’. 2014 முதல் 2020 வரை 26 நாவல்கள். முதல் நாவலே நாகர்களின் அன்னையிடம் தொடங்குகிறது. அதன் நீளம் பற்றி எனக்குப் புகார்கள் உண்டு. ஆனால் நாகத்தை ஏதோ ஒரு பழங்குடி என்று சொல்லிக் கடந்துபோகாத துணிச்சல் அதில் இருக்கிறது.

எல்லாமே பாரதம். போனால் ராமாயணம். காஞ்சிபுரம் குமரகோட்டத்தில் கச்சியப்ப சிவாச்சாரியார் பத்தாயிரத்துச் சொச்சம் பாடலில் செய்துவைத்த கந்தபுராணத்துக்கு அப்படி ஒரு நாவல் வாய்க்கவில்லை. உள்ளே என்னவெல்லாம் கிடக்கிறது பாருங்கள். கிரவுஞ்சம் என்ற மலையே ஓர் அசுரன். வழிவிடுவதுபோல் திறந்து, முருகனின் தளபதி வீரவாகுவையும் படையையும் உள்ளே இழுத்து மயக்கிப்போடுகிறது. அசுரர் தலைவன் சூரனின் மகன் பானுகோபன் தொட்டிலில் கிடக்கும்போதே சூரியனைப் பிடித்துக் கட்டினவன். சீர்காழியில் மறைந்திருந்த இந்திராணியைப் பற்றி இழுத்த அசமுகியின் கை வெட்டுப்பட்டு விழுகிறது. டைரின் கையைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதுகிறவர்கள் இந்தக் கையை எட்டிப் பார்க்கவில்லை. நாரதரின் வேள்வித் தீயிலிருந்து கிளம்பி உலகைத் துவைத்த ஆட்டுக்கடாவும் உண்டு. அதையும் முருகன் வாகனமாக்கிக்கொண்டான், தோருக்கு மட்டும்தான் கடா என்று நினைக்க வேண்டாம். எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்தவன் இரணியன். சூரனின் இன்னொரு மகன். தோற்கப்போகிறோம் என்று தெரிந்து, அப்பனுக்குக் கொள்ளிக்கடன் செய்ய ஒருவனாவது மிஞ்ச வேண்டுமே என்று மீனாக மாறிக் கடலுக்குள் ஒளிந்துகொள்கிறான். கோழையா, கடமை தெரிந்தவனா? கச்சியப்பர் அவனை அங்கேயே விட்டுவிட்டார்.

ஸ்காண்டிநேவியக் கதைகள் ரக்னரோக் என்ற இறுதிப் போரை நோக்கியே ஓடுகின்றன. திருத்தணியின் கதை போர் முடிந்தபின் தொடங்குகிறது. சூரனை முடித்த முருகனின் கோபம் தணிந்த இடம் என்பதால் மற்ற ஊர்களில் நடப்பதுபோல் இங்கே சஷ்டிக்குச் சூரசம்ஹாரம் இல்லை, புஷ்பாஞ்சலிதான். தாரகன் எறிந்த சக்கரத்தை மார்பில் வாங்கிய குழி மூலவரின் நெஞ்சில் இன்னும் இருப்பதாகச் சொல்கிறார்கள். அரைத்துப் பூசும் சந்தனம் இந்திரன் கொடுத்த கல்லில் அரைத்தது என்கிறார்கள். தெய்வானையோடு சீதனமாக வந்த ஐராவதம் போனதால் தேவலோகத்தில் செல்வம் குறைந்தது என்று இந்திரன் முறையிட, யானை உன் ஊர்ப் பக்கம் பார்த்து நிற்கட்டும் என்று முருகன் சொன்னதாக ஐதீகம். அதனால் சந்நிதி முன்னால் யானை வெளிப்புறம் பார்த்து நிற்கிறது. புண்பட்ட நெஞ்சோடு ஒரு சேனாபதி, வாழ வந்த வீட்டில் நின்றுகொண்டு பிறந்த வீட்டுத் திசையையே பார்க்கும் யானை, அப்புறம் மலையில் தினை காத்த ஒரு பெண். கந்தபுராணத்தின் கடைசிப் படலத்தில் வள்ளியை மணந்த முருகன் அவளை அழைத்துவந்து தங்குவது இந்த மலையில்தான். போருக்குப் பிந்திய வாழ்க்கை பற்றிய இவ்வளவு வளமான கரு ஓடினின் வீட்டில் கிடைக்காது. அங்கே பாதிப்பேர் செத்துப்போகிறார்கள்.

ஏன் யாரும் எழுதவில்லை என்று கேட்டால் பதிப்பாளர்கள் ஒரு காரணம் சொல்வார்கள். கும்பிடுகிற சாமி, மனம் புண்படும். ‘மாதொருபாகன்’ நாவல் பட்ட பாட்டுக்குப் பிறகு இந்தப் பயத்தைச் சிரித்துத் தள்ளிவிட முடியாது. 2016இல் உயர் நீதிமன்றம் எழுத்தாளர் பக்கம் தீர்ப்புச் சொல்லியும் பயம் போகவில்லை. ஓடினை எழுதுகிறவருக்கு வசதி, ஆட்சேபிக்கக் கோவில் கமிட்டி கிடையாது.

ஆனால் கோவில் கமிட்டி பணம் கொடுத்து நடத்தும் நாடகத்தைக் கொஞ்சம் பார்க்கலாம். சங்கரதாஸ் சுவாமிகளின் ‘வள்ளி திருமணம்’ ஒரு நூற்றாண்டுக்கு மேலாகத் திருவிழா மேடைகளில் நடக்கிறது. நாரதராக வருபவரும் வள்ளியாக வருபவரும் நடுச்சாமம்வரை தர்க்கம் செய்வார்கள், பாதி வசனம் அப்போதைக்கப்போது கட்டியது. அப்புறம் வேடன் வருவான், கிழவன் வருவான். காட்டில் தனியாக இருக்கும் பெண்ணிடம் இந்த வயசில் என்ன பேச்சு என்று வள்ளி முருகனை நிற்கவைத்துக் கேட்பாள், கூட்டம் விசிலடிக்கும். வடக்கே எங்கள் பக்கத்துக் கூத்திலும் அதேதான். திரௌபதி அம்மன் தீமிதிக்கு முன்னால் கட்டியக்காரன் துரியோதனனிடம் ரேஷன் கார்டு இருக்கிறதா என்று கேட்பான். விடிந்தால் களிமண்ணில் செய்து படுத்திருக்கும் அதே துரியோதனன் முன்னால் நிஜமாகவே ஒருவருக்கு அருள் வரும். கேலியும் அருளும் ஒரே மேடையில், ஒரே ராத்திரியில், டிக்கெட் இல்லாமல். யாரும் அங்கே பிளவாளுமை என்று எழுந்து சொல்வதில்லை, யாருடைய மனமும் புண்பட்டதாக வழக்கும் இல்லை. நாவலாசிரியர் மட்டும் ஐஸ்லாந்துக்கு டிக்கெட் எடுத்துக்கொண்டிருக்கிறார்.